ஒரு பிடி மாவு: பழைய எபிரேயச் சமயச் சட்டத்தில் பலியும் படையலும்

தமிழ் முதுகலை பயின்ற காலத்தில் உரைநடை வரலாற்றைக் கற்கும்பொருட்டுத் தமிழ் விவிலியத்தைப் படிக்க நேர்ந்தது. ஆதியாகமத்தையும் யாத்திராகமத்தையும் கதை படிப்பதுபோல் விரைந்து கடந்த நான், மூன்றாம் நூலாகிய லேவியராகமத்தின் முதல் அதிகாரத்திலேயே புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். காளை அறுபடுகிறது, அதன் குருதி பலிபீடத்தைச் சுற்றிலும் தெளிக்கப்படுகிறது, உடல் துண்டுதுண்டாகத் தீயில் அடுக்கப்படுகிறது. நம் இல்லங்களில் வளர்ந்த ஒருவருக்கு அதற்குமேல் படிக்க மனம் வருமா? பல ஆண்டுகள் கழித்து, என்னுடன் பணியாற்றிய கிறித்தவ ஆசிரியர் ஒருவரிடம் இதனைச் சொன்னேன். அவர் புன்னகைத்து, “முதல் அதிகாரத்தோடு நிறுத்திவிட்டீர்களே ஐயா, இரண்டாம் அதிகாரத்தைப் பார்க்கவில்லையா?” என்று கேட்டார். அன்றிரவே எடுத்துப் பார்த்தேன். இரண்டாம் அதிகாரத்தில் ஓர் உயிரும் அறுபடவில்லை. மாவு, எண்ணெய், நறும்புகைப் பிசின், உப்பு இவையே அங்கு உள்ளன. அதன் பின்னர் அந்நூலைப் பொறுமையுடன் பயின்று வந்திருக்கிறேன். அவ்வாறு அறிந்தவற்றுள் சிலவற்றை இம்மலரின் வாயிலாக நம்மவர் முன் வைக்க விழைகிறேன்.

முதலில் சொல்லைப் பற்றி ஒரு குறிப்பு. பலி என்றவுடன் இன்று நமக்கு உயிர்க்கொலையே நினைவுக்கு வருகிறது. பழந்தமிழிலோ அச்சொல் தெய்வத்தின் முன் இடப்படும் எந்தப் படையலையும் குறித்தது. சோறும் பலி, பூவும் பலி. நம் ஜினாலயங்களின் முன் நிற்கும் பலிபீடமும் அப்பொருளில் அமைந்ததே. எபிரேய மொழியில் இவை அனைத்துக்கும் பொதுப்பெயர் ‘கொர்பான்’ என்பது. நெருங்குதல், அருகே கொண்டுவருதல் என்னும் வினையிலிருந்து பிறந்த பெயர் அது. இறைவனருகே கொண்டுசெல்லப்படுவது என்பதே அதன் பொருளாகும். அறுத்தல் என்னும் பொருள் அப்பெயருக்குள் இல்லை.

இச்சட்டங்கள் மோசேயின் வாயிலாக இசுரவேல் மக்களுக்கு அளிக்கப்பட்டவை என்பது யூத மரபு. பல நூற்றாண்டு வழக்கங்கள் திரண்டு, பாபிலோனியச் சிறைவாசத்தை ஒட்டிய காலத்தில் இன்றைய நூல்வடிவம் பெற்றிருக்கலாம் என்பது ஆய்வாளர் பலரின் கருத்து. லேவியராகமத்தின் முதல் ஏழு அதிகாரங்களும் பலிவகைகளை ஐந்தாகப் பகுத்துக் கூறுகின்றன. தமிழ் விவிலியம் அவற்றுக்கு இட்ட பெயர்கள் சர்வாங்க தகனபலி, போஜனபலி, சமாதானபலி, பாவநிவாரணபலி, குற்றநிவாரணபலி என்பன. தரங்கம்பாடியில் சீகன்பால்கு 1719இல் மறையும்போது பழைய ஏற்பாட்டை ரூத் வரை தமிழாக்கியிருந்தார். ஆகவே லேவியராகமம் தமிழுக்கு வந்து முந்நூறு ஆண்டுகள் ஆகிவிட்டன. நம்முள் அதனைத் திறந்து பார்த்தவர் மிகச் சிலரே.

சர்வாங்க தகனபலியின் எபிரேயப் பெயர் ‘ஓலா’. மேலே செல்வது என்பது பொருள். பழுதற்ற ஆண் விலங்கு ஒன்றைக் கொணர்ந்தவன் அதன் தலைமேல் கைவைப்பான். அறுப்பவனும் அவனே. குருதியைப் பீடத்தில் சேர்ப்பது ஆரோன் வழிவந்த குருமாரின் வேலை. உடல் முழுவதும் தீக்கே உரியது. தோல் மட்டும் குருவுக்குச் சேரும். கொணர்ந்தவனுக்கு அதில் ஒரு துணுக்கும் இல்லை. எருசலேம் ஆலயத்தில் நாள்தோறும் காலையில் ஓர் ஆட்டுக்குட்டியும் மாலையில் ஓர் ஆட்டுக்குட்டியும் இவ்வாறு எரிக்கப்பட்டன. ஒவ்வொன்றுடனும் எண்ணெயில் பிசைந்த மாவும் திராட்சரசமும் படைக்கப்பட்டன. இந்த இரு வேளைக் கணக்கை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். பின்னர் அதனிடம் திரும்பி வருவோம்.

சமாதானபலி விருந்தை ஒத்தது. கொழுப்பு பீடத்துக்கு, மார்பும் வலத்தொடையும் குருவுக்கு, எஞ்சியது கொணர்ந்தவன் குடும்பத்துக்கு. நன்றி செலுத்தக் கொணர்ந்ததாயின் அன்றே உண்டு முடிக்க வேண்டும். நேர்த்திக்கடனாயின் மறுநாள் வரை உண்ணலாம். மூன்றாம் நாள் எஞ்சியதை எரித்துவிட வேண்டும். ஒரு விலங்கு முழுவதையும் ஒரே நாளில் ஒரு வீட்டார் உண்ண இயலாது. சேமித்து வைப்பதற்கும் வழியில்லை. ஆதலின் அண்டை அயலாரை அழைத்தே தீர வேண்டும் என்று உரைகாரர் சிலர் இதற்கு விளக்கம் தருவர்.

இனிப் பாவநிவாரணபலி. இப்பெயர் சற்றுத் திசைதிருப்பக் கூடியது. மகப்பேறு அடைந்த தாயும் இப்பலியைக் கொணர வேண்டும் என்கிறது சட்டம். பிள்ளை பெற்றவள் என்ன பாவம் செய்தாள்? இது பாவத்தைத் தண்டிக்கும் பலி அன்று, தூய்மையாக்கும் சடங்கே என்று அண்மைக்கால ஆய்வாளருள் ஜேக்கப் மில்குரோம் விரிவாக எடுத்துக்காட்டினார். இச்சடங்கில் குருதி பலிபீடத்தின் கொம்புகளில் பூசப்படுகிறது, கொணர்ந்தவன்மேல் பூசப்படுவதில்லை. மனிதரின் பிழையால் மாசுற்ற திருவிடம் துலக்கப்படுகிறது என்பது அவர் விளக்கம்.

இதில் மற்றொரு நுட்பமும் உண்டு. இப்பலி அறியாமல் செய்த பிழைக்கே உரியது. தெரிந்தே, துணிந்து, கையை ஓங்கிச் செய்தவனுக்கு இப்பலியால் பயனில்லை என்று எண்ணாகமம் வெளிப்படையாகக் கூறுகிறது. ஆட்டைக் கொடுத்துப் பாவத்தை விலைக்கு வாங்கிவிடலாம் என்று அச்சட்டம் எண்ணியதாக நான் நெடுங்காலம் கருதியிருந்தேன். அது என் பிழை.

பிழை செய்தவரின் நிலைக்கேற்பப் பலியும் வேறுபடுகிறது. தலைமைக் குரு பிழைத்தால் காளை. மக்கள் கூட்டம் முழுவதும் பிழைத்தாலும் காளை. தலைவன் பிழைத்தால் வெள்ளாட்டுக் கடா. எளிய குடிமகன் பிழைத்தால் பெண்ணாடு. உயர்ந்தவனின் பிழைக்கு விலை மிகுதி என்பது கருதத்தக்கது. ஐந்தாம் அதிகாரம் இதனினும் கீழே இறங்குகிறது. அங்குக் கூறப்படும் சில பிழைகளுக்கு ஆடு கொணர இயலாதவன் இரண்டு காட்டுப்புறாக்களையோ இரண்டு புறாக்குஞ்சுகளையோ கொணரலாம். மகப்பேற்றுச் சடங்கிலும் ஏழைத்தாய்க்குப் பறவைச் சலுகை உண்டு. இயேசு பிறந்தபின் அவருடைய பெற்றோர் எருசலேமில் படைத்தவை இப்பறவைகளே என்று லூக்கா எழுதியிருப்பதைக் கொண்டு, அக்குடும்பம் வறியது என்று அறிஞர் உணர்வர்.

பறவைக்கும் வழியில்லாதவன் என்ன செய்வான்? அவன் எப்பா என்னும் அளவில் பத்தில் ஒரு பங்கு மெல்லிய மாவைக் கொணர்ந்தால் போதும் என்கிறது சட்டம். ஏறக்குறைய 2 லிட்டர் கொள்ளளவுள்ள மாவு. அதில் எண்ணெய் வார்க்க வேண்டாம், நறும்பிசினும் வேண்டாம். குரு ஒரு பிடி அள்ளித் தீயில் இடுவார், பிழை நீங்கும். அவ்வளவுதான். காளைக்கும் ஆட்டுக்கும் என்ன பயன் கூறப்பட்டதோ அதே பயன் இந்த ஒரு பிடி மாவுக்கும் கூறப்பட்டுள்ளது. ‘குருதியின்றி மன்னிப்பில்லை’ என்னும் கருத்தை அச்சட்டத்தின் சாரமாக எடுத்துரைப்போர் உளர். அச்சட்டமோ தன் ஏழைகளுக்குக் குருதியில்லா வழியைத் திறந்தே வைத்திருந்தது.

அந்த அளவும் தற்செயலானதன்று. எப்பாவில் பத்தில் ஒன்று ‘ஓமர்’ எனப்படும். பாலைநிலப் பயணத்தில் வானிலிருந்து கிடைத்த மன்னாவைத் தலைக்கு ஒரு ஓமர் வீதம் மக்கள் நாள்தோறும் சேர்த்தனர் என்று யாத்திராகமம் கூறுகிறது. ஆகவே ஏழை கொணர்ந்த மாவு ஓர் ஆளின் ஒருநாள் உணவு. ஓர் உயிருக்குப் பகரமாகத் தன் ஒருநாள் உணவை அவன் வைக்கிறான் என்று நான் இதனைப் படிக்கிறேன். யூத அறிஞர்களும் ஏறத்தாழ இதனையே சொன்னார்கள். போஜனபலியைப் பற்றிய விதி மட்டும் ‘உயிர்’ என்று பொருள்படும் ஒரு சொல்லால் தொடங்குவதைச் சுட்டி, மாவு கொணரும் ஏழை தன் உயிரையே படைத்தவனாக எண்ணப்படுகிறான் என்று தால்மூத் விளக்குகிறது.

மாவு என்றதும் நம்மவர்க்கு யசோதர காவியத்து மாக்கோழி நினைவுக்கு வந்திருக்கும். அங்கே தாயின் வற்புறுத்தலால் மன்னன் உயிர்க்கோழிக்கு மாற்றாக மாவினால் கோழி செய்து வெட்டுகிறான். கொல்லும் எண்ணம் அதனுள் இருந்தமையால் வினை பற்றுகிறது. எபிரேயர் மாவுக்கு அவ்வாறு உருவம் எதுவும் இல்லை. ஆடுபோல் செய்வதும் இல்லை, வெட்டுவதும் இல்லை. அது மாவாகவே வந்து மாவாகவே எரிகிறது.

ஏழையின் மாவு விதிவிலக்காக வந்தது. போஜனபலியோ தனித்த ஒரு பலிவகையாகவே முழு உரிமையுடன் நின்றது. அதன் எபிரேயப் பெயர் ‘மின்கா’. காணிக்கை என்பது பொருள். நன்கு சலித்த மெல்லிய கோதுமை மாவில் எண்ணெய் வார்த்து, தென்னரேபியாவிலிருந்து வணிகர் கொணர்ந்த சாம்பிராணி வகைப் பிசினை அதன்மேல் இட்டுப் படைப்பர். அடுப்பில் சுட்ட அப்பமாகவோ, தட்டைக்கல்லில் இட்ட அடையாகவோ, சட்டியில் பொரித்த பணியாரமாகவோ கொணர்வதும் உண்டு. ஒரு பிடி தீக்கு, எஞ்சியது குருமார்க்கு. குரு தனக்கெனப் படைக்கும் மாவு மட்டும் முழுவதும் எரிய வேண்டும். கொடுப்பவனே உண்பவனாக இருத்தல் ஆகாது. உப்பில்லாமல் எதுவும் பீடமேறாது. புளித்தமாவும் தேனும் தீயில் சேரா. தேனை ஏன் விலக்கினர் என்பதற்கு உரைகாரர் பலவாறு காரணம் கூறினும், எதுவும் என் மனத்துக்கு நிறைவளிக்கவில்லை. தேன் உண்ணாத நமக்கு அந்த விலக்கு வியப்பாகவும் தோன்றாது!

கி.பி. 200 அளவில் தொகுக்கப்பட்ட மிஷ்னா என்னும் சட்டநூலில் மாவுப்படையலுக்கென்றே ‘மெனகோத்’ என ஒரு தனிப்பகுதி உண்டு. அறுவடைத் தொடக்கத்தில் படைக்கும் முதற்கதிர் வாற்கோதுமை மாவை 13 சல்லடைகளில் சலிக்க வேண்டும் என்கிறது அது. ஐம்பதாம் நாள் படைக்கும் இரண்டு அப்பங்களுக்கு 12, திருமுன் வாரந்தோறும் மாற்றி வைக்கப்படும் 12 சமுகத்தப்பங்களுக்கு 11. ஆலயம் இடிந்து ஒரு நூற்றாண்டுக்கு மேல் கடந்தபின்னும் சல்லடைக் கணக்கை ஒருவர் மறவாமல் எழுதி வைத்தார் என்பது நினைக்குந்தொறும் நெகிழ்விக்கிறது. அப்பகுதியின் முடிவில், காளையாயினும் பறவையாயினும் மாவாயினும் மூன்றுக்கும் இறைவனுக்கு உகந்த நறுமணம் என்னும் ஒரே சொல்லை விவிலியம் ஆள்கிறது, ஆகவே மிகுதியோ குறைவோ பொருட்டன்று, உள்ளம் வானை நோக்கினால் போதும் என்ற கருத்து வருகிறது.

ஐந்தாவதாகிய குற்றநிவாரணபலி பெரும்பாலும் பிறர் பொருள் பற்றியது. அடைக்கலமாக வைத்த பொருளை இல்லையென்றவன், கண்டெடுத்ததை மறைத்தவன், பொய்யாணையிட்டு ஏய்த்தவன் ஆகியோர் முதலில் அப்பொருளை உரியவனிடம் திருப்பித் தர வேண்டும்; அதனுடன் ஐந்தில் ஒரு பங்கு மிகுத்தும் தர வேண்டும். அதன் பின்னரே ஆட்டுக்கடாவுடன் பீடத்தை அணுகலாம். அயலானிடம் பட்ட கடனை ஆலயத்தில் அடைக்க இயலாது என்பது இதன் கருத்து. ஐவகையுள் இதுவே எனக்கு மிகவும் உயர்ந்ததாகத் தோன்றுகிறது.

இவ்வளவும் கூறியபின் ஒன்றை மறைத்தல் முறையாகாது. இச்சட்டம் கொல்லாமையைக் கூறவில்லை. எருசலேமில் விழாக்காலங்களில் குருதி ஓடியது உண்மை. எனினும் கொலைக்கு எல்லையிட அது முயன்றது என்பதும் உண்மை. திருக்கூடார வாயிலுக்குக் கொணராமல் மாட்டையோ ஆட்டையோ அறுத்தவன்மேல் இரத்தப்பழி சாரும் என்கிறது லேவியராகமத்தின் 17ஆம் அதிகாரம். குருதியில் உயிர் இருப்பதால் அதனை உண்ணலாகாது என்பதும் அங்கேயே உள்ளது. பிற்காலத்து உபாகமச் சட்டம் ஊர்தோறும் இருந்த பீடங்களை விலக்கி ஒரே இடத்தில் மட்டும் பலியிடப் பணித்தபோது, தொலைவில் உள்ளோர் வீட்டிலேயே அறுத்து உண்ண இசைவும் அளிக்க வேண்டியதாயிற்று. ஒரு கதவை அடைத்தால் மற்றொரு கதவு திறந்துகொண்டது. ஆமோஸ், ஓசேயா, ஏசாயா, மீகா ஆகிய இறைவாக்கினர் கி.மு. 8ஆம் நூற்றாண்டிலேயே, ஏழையை ஒடுக்கிக்கொண்டு பலியைப் பெருக்குவதைக் கடுமையாகச் சாடினர்.

மாவின் வரலாற்றில் வியப்புக்குரிய நிகழ்ச்சி ஒன்று எகிப்தில் நடந்தது. நைல் ஆற்றில் அசுவானுக்கு எதிரே எலிபண்டைன் என்னும் தீவு உள்ளது. கி.மு. 5ஆம் நூற்றாண்டில் பாரசீகப் பேரரசின் படைவீரர்களாக யூதர் அங்கே குடியிருந்தனர். தமக்கென ஓர் ஆலயமும் கொண்டிருந்தனர். அருகிலேயே ஆட்டுக்கடாத் தலையுடைய குனும் என்னும் எகிப்தியத் தெய்வத்தின் கோயில் இருந்தது. கி.மு. 410இல் குனும் கோயிற் குருமார் அங்கிருந்த அதிகாரி விதரங்காவின் துணையுடன் யூத ஆலயத்தை இடித்தனர். கி.மு. 407இல் யெதனியா என்பவரும் உடனுறை குருமாரும் யூதேயாவின் ஆளுநர் பாகோகிக்கு அரமேய மொழியில் எழுதிய விண்ணப்பம், பப்பைரசு ஏட்டில் இன்றும் உள்ளது. ஆலயம் இடிந்த நாள்முதல் தாம் சாக்குடுத்தி நோன்பிருப்பதையும், எண்ணெய் பூசாததையும், தம் மனைவியர் கைம்பெண்களைப் போல் ஆகிவிட்டதையும் அவர்கள் உருக்கமாக எழுதினர். ஆலயத்தை மீண்டும் கட்டவும், முன்போல் மாவும் நறும்புகையும் எரிபலியும் படைக்கவும் இசைவு கேட்டனர்.

விடை சுருக்கமாக வந்தது. ஆலயத்தைக் கட்டலாம், மாவும் நறும்புகையும் படைக்கலாம். மூன்றாவதாகிய எரிபலியைப் பற்றி அவ்விடையில் ஒரு சொல்லும் இல்லை. குறிப்பை அவர்கள் உணர்ந்துகொண்டனர் போலும். யெதனியாவும் மற்றும் நால்வரும் எழுதிய வேறோர் ஏட்டில், இனி அங்கே செம்மறியும் மாடும் வெள்ளாடும் எரிக்கப்படமாட்டா, நறும்புகையும் மாவும் பானமும் மட்டுமே படைக்கப்படும் என்று வாக்களித்தனர். இதற்குக் காரணம் கூறுவோர் பலர். எருசலேமுக்கு மட்டுமே உயிர்ப்பலி உரியது என்பர் சிலர். கடாத்தெய்வத்தை வணங்குவோரின் மனம் புண்படாமைக்கு என்பர் சிலர். பிணத்தால் தீ மாசுபடும் என்னும் பாரசீகர் எண்ணம் என்பாரும் உளர். காரணம் எதுவாயினும், உயிர்ப்பலி இல்லாமலே ஓர் ஆலயம் ஆலயமாக நிற்கலாம் என அவர்கள் இசைந்து எழுதிய ஏடு நம் கையில் இருக்கிறது.

எருசலேமின் பலிகள் வேறுவிதமாக முடிந்தன. கி.பி. 70இல் உரோமத் தளபதி தீத்து நகரைப் பிடித்தபோது ஆலயம் எரிந்தது. இடிபாட்டைக் கண்டு, பிழை போக்கும் இடம் அழிந்ததே என ரப்பி யோசுவா கலங்கினார் என்றும், அதற்கு ஒப்பான வழியொன்று நமக்கு உண்டு, அதுவே அன்புச்செயல் என்று அவருடைய ஆசிரியர் யோகனான் பென் சக்காய் தேற்றினார் என்றும் மரபுக்கதை கூறும். இரு வேளை ஆட்டுக்குட்டிகளின் இடத்தில் காலை வழிபாடும் பிற்பகல் வழிபாடும் நின்றன. அப்பிற்பகல் வழிபாட்டின் பெயர் ‘மின்கா’. ஆட்டின் இடத்தில் நின்ற வழிபாடு மாவின் பெயரைத் தாங்கி நிற்கிறது!

பலிகள் எதன்பொருட்டு இருந்தன என்னும் வினா அதன் பின்னரே கூர்மையடைந்தது. எகிப்தில் வாழ்ந்த பேரறிஞர் மைமோனிடஸ் (1138–1204), மக்கள் பழகிய வழக்கத்தை ஒரே நாளில் விடமாட்டார்கள், ஆகவே இறைவன் பலியை ஓரிடத்துக்கும் ஒரு குருகுலத்துக்கும் உரியதாகச் சுருக்கி, அவர்களை மெல்ல வழிபாட்டை நோக்கி நடத்தினான் என்று எழுதினார். அடுத்த தலைமுறையினரான நாக்மனிடஸ் இதனைக் கடுமையாக மறுத்தார். தனக்கு நேர வேண்டியது விலங்குக்கு நேர்வதைக் கண்முன் கண்டு பிழை செய்தவன் நடுங்க வேண்டும், அதுவே பலியின் உட்பொருள் என்பது அவர் கொள்கை. என் மனம் மைமோனிடஸைச் சாய்ந்து நிற்கிறது. அதற்கு என் வளர்ப்பும் ஒரு காரணமாக இருக்கலாம் என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

பழமை பேணும் யூதரின் வழிபாட்டு நூல்களில் பலிகள் மீள வேண்டும் என்னும் வேண்டுதல் இன்றும் உண்டு. சமாரியர் என்னும் சிறு சமூகத்தார் நாப்லுசு நகரையடுத்த கெரிசீம் மலையில் ஆண்டுதோறும் பஸ்கா ஆடுகளை அறுத்துவருகின்றனர். மற்றபடி பீடம் இல்லை, தீ இல்லை. எனினும் மாவு முற்றிலும் மறைந்துவிடவில்லை. ஓய்வுநாளுக்கு அப்பம் சுடும் யூதக் குடும்பங்களில், மிகுதியாக மாவு பிசையும்போது இல்லத்தலைவி அதிலிருந்து சிறு உருண்டை ஒன்றைக் கிள்ளி எடுத்து, அதற்குரிய மந்திரத்தைச் சொல்லித் தனியே எரிப்பாள். அப்பம் மேசைக்கு வந்ததும் அதனை உப்பில் தொட்டே பகிர்ந்துகொள்வர்.